ஜூன் மாதம் ஏறியவர்கள்

போர்க்காலத்தில் அமெரிக்கர்கள் ஒகினாவா கரையில் டாங்கிகளை இறக்கிய கப்பல் அது. முகப்பு இரண்டு கதவுகளாகத் திறந்து, இரும்புச் சாய்தளம் ஒன்று கரையில் விழும். போர் முடிந்த மறு வருடம் பீரங்கிகளைக் கழற்றிவிட்டு அதை ஜப்பானிய மாலுமிகளிடமே ஓட்டக் கொடுத்தார்கள், மஞ்சூரியாவில் சிக்கிக்கொண்ட ஜப்பானிய ஜனங்களை ஊர் கொண்டுவந்து சேர்ப்பதற்காக. அடி தட்டையானது; சின்ன அலைக்கே உருளும். டாங்கிகள் நின்ற தளத்தில் வைக்கோல் பாய் விரித்து ஆயிரம் பேர் படுத்து வந்தார்கள்.

முகப்புக் கதவு மாலுமி இசொகாயின் பொறுப்பு. அவருடைய போர்க்கப்பல் மூழ்கி, தீவு ஒன்றில் சிறைப்பட்டுக் கிடந்து, வசந்தத்தில்தான் திரும்பியிருந்தார். வீட்டில் யாரும் இல்லை. மனைவி ஷிகேனோ தன் அண்ணனோடு மஞ்சூரியாவில் குடியேறப் போனவள். அதனால்தான் இந்த வேலையைக் கேட்டு வாங்கிக்கொண்டார். சீனக் கரையின் ஹுலுதாவ் துறைமுகத்தில் கதவைத் திறந்ததும் ஏறி வருகிற ஒவ்வொரு முகத்தையும் பார்ப்பார். ஆறு நடை பார்த்தாயிற்று.

செப்டம்பர் நடையில், கஞ்சிக்கு நின்ற ஹமாசாகி என்ற பெண்மணி தான் இருந்த இடமாக ஷிகேனோவின் குடியேற்றக் கிராமத்தைச் சொன்னாள். இசொகாய் மனைவியின் பெயரைச் சொல்லி விசாரித்தார்.

"ஷிகேனோவா? அவ ஜூன்லயே கிளம்பிட்டாளே. பதினாலாம் குழு."

"உயிரோட இருக்காளா?"

"இருக்கா. தலைய மொட்டையடிச்சு, மூஞ்சில கரியப் பூசிக்கிட்டு ஆம்பள மாதிரி போனா. சிப்பாய்ங்களுக்குப் பயந்து அப்ப நாங்க எல்லாருமே அப்படித்தான். நீங்க அவளுக்கு என்ன வேணும்?"

"புருஷன்."

ஹமாசாகி கிண்ணத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள். "உங்க கப்பலோட நீங்களும் மூழ்கிட்டீங்கன்னு அவளுக்குக் காகிதம் வந்துச்சுங்க. போன குளிர்ல ஒரு தச்சரோட சேர்ந்துக்கிட்டா. அவர் இல்லன்னா செத்திருப்பா. அவளத் தப்பா நினைக்காதீங்க."

"கஞ்சி ஆறுது. சாப்பிடுங்க," என்றார் இசொகாய்.

பிறகு மேலே போய்ப் பயணக் குறிப்பேட்டைப் புரட்டினார். ஜூன் பதினொன்று: பதினாலாம் குழு, ஆயிரத்து நூற்றிருபது பேர். இதே கப்பல். இதே கதவு. கைக்கெட்டும் தூரத்தில் அவள் கடந்து போயிருக்கிறாள். எவ்வளவு யோசித்தும் அந்த நாளின் ஒரு முகம்கூட நினைவுக்கு வரவில்லை. அவள் தன்னைப் பார்த்திருப்பாளா என்பதும் தெரியவில்லை.

ஜப்பான் திரும்பி, ஹகாட்டா துறைமுகத்தில் எண்ணெய் நிரப்ப மூன்று நாள் ஆனது. ரயிலேறி ஊருக்குப் போய், நகராட்சி அலுவலகத்தில் தன் பெயரைச் சொன்னார். குமாஸ்தா குடும்பப் பதிவேட்டைப் பார்த்துவிட்டு அவரை நிமிர்ந்து பார்த்தார்.

"நீங்க இறந்துட்டதா இருக்கு. உங்க மனைவி ஜூலைல வந்து மறுமணம் பதிஞ்சிருக்காங்க."

"ம்."

"மாத்திடலாம். ஆனா அவங்களுக்குக் கடிதம் போகும். இந்தக் கல்யாணம் நிக்காது."

"குழந்தை ஏதாவது?"

"இன்னும் இல்ல. வந்தப்ப வயிறு தெரிஞ்சுது."

இசொகாய் தொப்பியை எடுத்து மாட்டிக்கொண்டார். "அப்ப இருக்கட்டும்."

"இருக்கட்டும்னா? செத்தவராவே இருக்கப் போறீங்களா?"

"நாளைக்குக் கப்பல் கிளம்புது. அப்புறம் பாத்துக்கலாம்."

திரும்பும் ரயிலில் இடம் கிடைத்தும் அவர் நின்றுகொண்டே வந்தார்.

அதன் பிறகும் நான்கு நடை போனார்கள். வழியில் இறந்த குழந்தைகளைக் கடலில் இறக்கி, கப்பல் சங்கை ஊதி, அந்த இடத்தை ஒருமுறை சுற்றி வந்தார்கள். அவர் கதவைத் திறந்தார், மூடினார். ஏறுகிறவர்களுக்குக் கை கொடுத்தார். முகங்களைப் பார்ப்பதை விட்டுவிட்டார்.

அடுத்த வருடம் கப்பலை அமெரிக்கர்களிடம் திருப்பிக் கொடுத்தார்கள். ஆட்கள் மூட்டையோடு இறங்கினார்கள். "நீ ஊருக்குப் போகலையா?" என்று கேட்டார் மூத்த மாலுமி குவாபரா.

"வேற கப்பல்ல ஆள் கேக்கறாங்களாம்."

அந்தக் கப்பலில் அவரை யாருக்கும் தெரியாது. முதல் நாள் சாப்பிடும்போது ஒருவன் வீட்டில் யார் யார் என்று கேட்டான். யாரும் இல்லை என்று சொல்லிவிட்டு, ஊறுகாய்த் தட்டை அவன் பக்கம் நகர்த்தி வைத்தார்.