பிடுங்கிய பீஸ் கட்டை

சனிக்கிழமை சாயங்காலம் பனியன் கம்பெனிகளில் வாரச் சம்பளம் போட்டு, ஆட்கள் வீடு வந்து முகம் கழுவுவதற்குள் நாச்சிமுத்து வந்து நின்றுவிடுவார். வெள்ளை வேட்டி, வெள்ளைச் சட்டை, நெற்றியில் பட்டையாகத் திருநீறு. திருப்பூருக்குச் சற்று வெளியே அவர் கட்டி வாடகைக்கு விட்டிருந்த லைன் வீடுகள் ஆறு. ஒரே நீளச் சுவரில் வரிசையாக ஆறு கதவுகள், மேலே சிமெண்ட் ஷீட், கடைசியில் எல்லோருக்கும் பொதுவாக ஒரு கக்கூஸ். முதல் வீட்டுக்கு மட்டும் தனிக் கக்கூஸ் உண்டு, வாடகையும் கொஞ்சம் கூட.

"சாப்ட்டீங்களா கண்ணு? ஒடம்பு சௌக்கியங்களா?" என்று ஒவ்வொரு வாசலிலும் விசாரிப்பார். அடேயப்பா, அந்த மரியாதையைக் கேட்க வேண்டுமே! பெற்ற பிள்ளைகூட அப்படி விசாரிக்காது. விசாரித்து முடித்த கையோடு அந்தக் கையை நீட்டுவார். வாடகை தனி, கரண்டு தனி. யூனிட்டுக்குப் பத்து ரூபாய். ரசீது என்ற பேச்சே கிடையாது.

ஆறு வீட்டு மீட்டரும் தெருக்கோடியில் அவர் குடியிருந்த வீட்டு முன்சுவரில் இருந்தன. பக்கத்திலேயே வீட்டுக்கு ஒன்றாக ஆறு பீஸ் கட்டைகள், பிடுங்கினால் அந்த வீட்டில் கரண்டு போய்விடும்; எல்லாவற்றுக்கும் சேர்த்து ஓர் இரும்புப் பெட்டி, அதற்கு ஒரு பூட்டு. சாவி அவருடைய அரைஞாண் கயிற்றில் தொங்கியது. குளிக்கும்போதுகூட ஓனர் அதை அவிழ்க்க மாட்டார் என்று லைனில் சொல்லிச் சிரிப்பார்கள். சிரிப்பதோடு சரி.

முதல் வீட்டில் சுடலையும் அவன் மனைவி நதியாவும் இருந்தார்கள். தூத்துக்குடிப் பக்கத்துக் கிராமம். நதியா ஒரு கம்பெனியில் செக்கிங் வேலை பார்த்தாள். சுடலைக்குக் கழிவுப் பஞ்சு குடோனில் வேலை. வருஷக்கணக்காகப் பஞ்சுத் தூசியை இழுத்து இழுத்து அவன் நெஞ்சு கெட்டுப் போயிருந்தது. மார்கழிப் பனி இறங்கினால் போதும், மூச்சு விசிலடிக்கும். பொதுக் கக்கூஸ் வரைக்கும் நடந்து போய் வரிசையில் நிற்க முடியாததால்தான் கூடுதல் வாடகை கொடுத்து அந்த முதல் வீட்டை எடுத்திருந்தார்கள்.

டாக்டர் சொல்லி ஒரு சின்ன மிஷின் வாங்கினார்கள். கரண்டில் ஓடுவது. அதில் மருந்தை ஊற்றி, முகத்தில் மூடியை வைத்துப் பத்து நிமிஷம் புகையை இழுத்தால் நெஞ்சு திறக்கும். "ஏட்டி நதியா, உம் புருசன் ஃபாரின் சிகரெட்டுல்லா குடிக்கான், பாத்துக்கோ" என்று சுடலை அந்தப் புகைக்கு நடுவே கேலி பேசுவான். நல்ல மனுஷன். லைனில் யாருக்குச் சாமான் தூக்க வேண்டுமென்றாலும் மூச்சு வாங்கிக்கொண்டே வந்து ஒரு கை பிடிப்பான்.

நாலாம் வீட்டு வெள்ளையம்மாள் அவனுக்கு ஊர்க்காரி. அவளைக் கூடப் பிறந்தவள் மாதிரி 'எக்கா' என்றுதான் கூப்பிடுவான். அவர்களைத் திருப்பூருக்குக் கூட்டி வந்து வேலை சேர்த்துவிட்டதே அவள்தான். புருஷன் இல்லாதவள். பதினோராம் வகுப்புப் படிக்கும் மகள் வினிதா மட்டும்தான் அவளுக்கு. லைனில் மூத்தவள் என்பதால் அவள் பேச்சுக்கு ஒரு மதிப்பு இருந்தது.

மிஷினும் வெந்நீர் போடும் கம்பியும் ஓட ஓட, முதல் வீட்டுக் கரண்டுக் காசு ஏறியது. கம்பெனியில் நதியா இதைச் சொல்லி அலுத்துக்கொண்டபோது, பக்கத்து டேபிள் சுபஸ்ரீ வாயைப் பிளந்தாள். "ஏனுங்க்கா, வீட்டுக் கரண்டுல ரெண்டு மாசத்துக்கு நூறு யூனிட்டு கவருமெண்டே ஃப்ரீயா குடுக்குதுங்களே! எங்கூட்டுக்கெல்லாம் பல நேரம் பில்லே வராதுங்க்கா. உங்க ஓனரு ஆறு ஊட்டு ஃப்ரீ கரண்டையும் உங்களுக்கே வித்துக்கிட்டு இருக்காருங்க!"

நதியாவுக்கு வயிறு எரிந்தது. எரியாதா? அரசாங்கம் சும்மா கொடுப்பதை, அதுவும் புருஷன் மூச்சுக்கு வேண்டிய கரண்டை, இன்னொருத்தன் யூனிட் பத்து ரூபாய் என்று விற்றிருக்கிறான். அன்றே மின்வாரியத்துக்குப் போன் போட்டுப் புகார் கொடுத்தாள். ஞாயிற்றுக்கிழமை லைன் ஆட்களைக் கூட்டி விஷயத்தைச் சொன்னாள். ஆறு வீடும் கொதித்தது. இரண்டாம் வீட்டுப் பாண்டித்துரை மார்பில் தட்டிக்கொண்டான். "ஆபீசர் வரட்டும் மைனி, மொத ஆளா நான் சொல்லுதேன்!" வெள்ளையம்மாளும், "நம்ம காச நாம கேக்கதுக்கு என்னட்டி பயம்?" என்றாள்.

இப்படிப்பட்ட சங்கதி ஓனர் காதுக்குப் போகாமல் இருக்குமா? மறுநாளே நாச்சிமுத்து வெள்ளையம்மாள் வீட்டுக்கு வந்தார், கையில் அரைக் கிலோ மிக்சர் பொட்டலத்தோடு.

"பாப்பா பெரிய பொண்ணாயிருச்சுங்களே அம்மிணி. இன்னுமுங் காலங்காத்தால ஆம்பளையாளுங்களோட கக்கூசு வரிசையில நிக்கறத பாத்தா எனக்கே சங்கட்டமா இருக்குதுங்க. மொத ஊடு காலியானா உங்களுக்குத்தான் குடுக்கோணும்னு நெனச்சிருக்கறனுங்க. வாடகை ஏத்த மாட்டனுங்க."

"மொத வீட்டுல சுடலைல்லா இருக்கான்" என்றாள் வெள்ளையம்மாள்.

"இருக்கறவங்க இருந்துக்கிட்டேவா இருப்பாங்க?" என்று சிரித்தார். "ஆபீசர் வந்து கேட்டா பாத்துச் சொல்லுங் அம்மிணி. ஊடுன்னா ஓனரும் ஆளும் ஒத்துமையா இருக்கோணுமுங்க."

அவர் போன பிறகு அவள் வெகுநேரம் அந்த மிக்சர் பொட்டலத்தைத் தொடவில்லை. அப்புறம் தொட்டாள். தினமும் காலையில் துண்டைத் தலையில் போட்டுக்கொண்டு வரிசையில் நின்ற மகள் முகம் அவள் கண் முன்னால் நின்றது. இதுதான் அவள் பாவத்துக்குக் காரணம். காரணம் இருப்பதால் பாவம் குறைந்துவிடாது.

அதிகாரி வந்தார். நல்ல மனிதர்தான். ஆறு வீட்டாரையும் முற்றத்தில் நிற்க வைத்து, "கரண்டுக்குன்னு தனியா காசு குடுக்கறீங்களா?" என்று கேட்டார். நாச்சிமுத்து கொஞ்சம் தள்ளி, பவ்யமாகக் கை கட்டி நின்றார். மார்பில் தட்டிய பாண்டித்துரை தன் செருப்பையே பார்த்தான். மற்றவர்கள் வெள்ளையம்மாளைப் பார்த்தார்கள்.

"இல்ல சார்" என்றாள் அவள். "வாடகை மட்டுந்தான். கரண்டுக்குன்னு ஓனரு சல்லிக்காசு வாங்குனதில்ல."

அவ்வளவுதான், மற்ற தலைகளும் வரிசையாக ஆடின. நதியா ஒவ்வொரு முகமாகப் பார்த்தாள். "மைனி, என்ன மைனி இப்பிடிச் சொல்லுதிய? போன சனிக்கெழம நீங்க குடுத்தத என் கண்ணால பாத்தேனே!"

"எல்லாரும் இல்லேங்கறாங்க. நீங்க ஒருத்தர் சொல்றத வெச்சு நான் என்னம்மா செய்ய முடியும்?" என்று சொல்லிவிட்டு அதிகாரி வண்டியை எடுத்தார்.

மறுநாள் காலை முதல் வீட்டில் விளக்கு எரியவில்லை. நாச்சிமுத்து வெள்ளைப் பீங்கான் பீஸ் கட்டையைக் கையில் உருட்டிக்கொண்டே வந்தார்.

"அம்மிணி, கரண்டுக்கு நான் காசு வாங்கறேன்னு நீங்க சொல்றீங்க. லைன்ல மத்தவங்க அத்தன பேரும் இல்லீங்கறாங்க. எனக்கு எதுக்குங்க இந்தப் பழி? கவருமெண்டு ஃப்ரீயா குடுக்கற கரண்டுன்னா, கவருமெண்டையே வந்து மாட்டிவிடச் சொல்லுங் கண்ணு."

"அவுகளுக்கு மூச்சு வாங்குது ஓனர். மிஷின் ஓடணும். உங்க கால்ல விழுதேன்."

"காலெல்லாம் எதுக்குங்க கண்ணு?" என்று பதறியவர் போல இரண்டடி பின்னால் போனார். பீஸ் கட்டை அவர் சட்டைப் பையில் விழுந்தது.

நதியா திரும்பவும் புகார் கொடுத்தாள். திங்கட்கிழமை ஆள் வருவார் என்றார்கள். அதுவரைக்கும் என்ன செய்ய? வெட்கத்தை விட்டு வெள்ளையம்மாள் வீட்டிலேயே மிஷினைச் சொருகினாள். வெள்ளையம்மாளும் மறுக்கவில்லை. அவன் மூச்சு சீரானதைப் பார்த்துக் காப்பி போட்டுக் கொடுத்தாள். அன்று சாயங்காலமே நாச்சிமுத்து லைன் வாசலில் நின்று, யாரையும் பார்க்காமல் பொதுவாகச் சொன்னார்: "எந்த ஊட்டுல அந்த மிஷின் சத்தம் கேக்குதோ, அந்த ஊட்டு பீஸும் எம் பாக்கெட்டுக்கு வந்துருமுங்க. அப்புறம் என்னையக் கொற சொல்லப்படாது."

ஞாயிற்றுக்கிழமை விடிந்தது. பனி மூட்டம் விலகவே இல்லை. அவசர ஆர்டர் என்று கம்பெனியில் அரை ஷிப்ட் வைத்திருந்தார்கள். இரண்டு நாள் லீவு போட்டாகிவிட்டது, இனியும் போட்டால் வேலை போகும். மனசே இல்லாமல் நதியா வேனில் ஏறினாள்.

அவள் போன கொஞ்ச நேரத்தில் சுடலைக்கு இழுப்பு வந்தது. மிஷினை நெஞ்சோடு அணைத்துக்கொண்டு வெளியே வந்தான். இரண்டாம் வீடு, மூன்றாம் வீடு என்று தட்டினான். எல்லோரும் உள்ளேதான் இருந்தார்கள். எல்லா வீட்டிலும் ஃபேனும் டிவியும் ஓடின, அரசாங்கம் கொடுத்த கரண்டில். யாரும் திறக்கவில்லை.

நாலாம் வீட்டு வாசலில் அவன் உட்கார்ந்துவிட்டான். "எக்கா... பத்து நிமிசம்... பத்தே நிமிசம்க்கா..."

வினிதா எழுந்தாள். வெள்ளையம்மாள் அவள் மணிக்கட்டை எட்டிப் பிடித்தாள். "ஏட்டி, இரு. நம்ம பீஸையும் புடுங்கிருவான். வேற யாராச்சும் தொறப்பாவ." சொல்லிவிட்டு டிவியில் சத்தத்தைக் கூட்டினாள். சொல்லவே நாக்குக் கூசுகிறது. தம்பி தம்பி என்று வாய் நிறையக் கூப்பிட்டவள்தான் அந்த ரிமோட்டை அழுத்தினாள். கொஞ்ச நேரத்தில் கதவு தட்டும் சத்தம் நின்றது. வேறு யாரோ திறந்துவிட்டார்கள் என்று அவள் நினைத்துக்கொண்டாள். எல்லா வீட்டிலும் அப்படித்தான் நினைத்துக்கொண்டார்கள்.

தள்ளாடி ரோடு வரைக்கும் போய் ஓரத்தில் விழுந்து கிடந்தவனை ஆட்டோவில் தூக்கிப் போட்டு ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோனது, அந்த வழியாக நடந்து போன இரண்டு ஒடிசாப் பையன்கள். அவர்களுக்கு அவன் பெயர்கூடத் தெரியாது. போய்ச் சேருவதற்குள் உயிர் இல்லை.

ஊரில் காரியம் முடிந்து வீட்டைக் காலி செய்ய நதியா ஒருத்தியாக வந்தாள். வெள்ளையம்மாள் ஓடிப்போய் அவள் கையைப் பிடித்துக்கொண்டு, "நான் பாவி நதியா, நான் பாவி" என்று அழுதாள். நதியா அழவும் இல்லை, திட்டவும் இல்லை.

"வீட்டுச் சாவிய நீங்களே வாங்கிக்கிடுங்க மைனி. கக்கூஸ் கதவுல கொண்டி லூசா இருக்கு. வயசுப் பிள்ள இருக்கு, மாத்திப் போடுங்க."

அதற்கு அவள் நாலு அறை அறைந்திருக்கலாம்.

நாச்சிமுத்து சொன்ன சொல் தவறாதவர். வெள்ளையம்மாள் முதல் வீட்டுக்குக் குடி போனாள். பீஸ் கட்டையை அவரே கொண்டுவந்து மாட்டினார், விளக்கு பளிச்சென்று எரிந்தது. அலமாரியில் அந்த மிஷின் மட்டும் கிடந்தது. நதியா அதை எடுத்துப் போகவில்லை.

அடுத்த சனிக்கிழமை அவர் வந்தார். "சாப்ட்டீங்களா கண்ணு? இந்த வாரத்துல இருந்து யூனிட்டுக்குப் பன்னெண்டுங்க. செலவு ஏறிப்போச்சுங்க."

வெள்ளையம்மாளுக்குச் சுருக்கென்றது. "ஏத்த மாட்டேன்னியளே ஓனர்!"

"வாடகையத்தானுங்க ஏத்த மாட்டேன்னேன்."

"இது அநியாயம். நான் ஆபீசர்ட்ட போயிச் சொல்லுவேன்."

நாச்சிமுத்து கோபப்படவே இல்லை. குரலைக்கூட உயர்த்தவில்லை. "என்னன்னுங்க சொல்லுவீங்க அம்மிணி? நான் கரண்டுக்குச் சல்லிக்காசு வாங்கறதில்லீன்னு அதே ஆபீசர்கிட்ட நீங்கதானுங்களே சொன்னீங்க? வாங்காத காச நான் எப்படிங்க ஏத்த முடியும்?"

வெள்ளையம்மாள் நேரே பாண்டித்துரை வீட்டுக்குப் போய்க் கதவைத் தட்டினாள். "எய்யா, திங்கக்கெழம எங்கூட வா. எல்லாரும் சேந்து போயி உள்ளதச் சொல்லுவோம்."

கதவு அரையடி திறந்தது. "நமக்கெதுக்கு மைனி வம்பு?" கதவு மூடியது. அடுத்த கதவும் அப்படியே. அதற்கடுத்த வீட்டில் திறக்கவே இல்லை. உள்ளே டிவி சத்தம் கூடியது.

அந்தச் சத்தத்தைக் கேட்டதும் வெள்ளையம்மாள் அந்த வாசற்படியிலேயே உட்கார்ந்துவிட்டாள். நாலாம் வீட்டு வாசற்படி அது. அவள் பழைய வீடு, இரண்டு நாள் முன்புதான் வேறு ஆட்கள் குடி வந்திருந்தார்கள். சுடலை உட்கார்ந்த அதே இடம்.

பின்னாலேயே வந்த வினிதா அவளைத் தூக்கிவிடவில்லை. தள்ளி நின்றே சொன்னாள். "அன்னிக்கு எங் கைய விட்டிருக்கலாம்லா, அம்மா."

வெள்ளையம்மாள் தலையில் அடித்துக்கொண்டாள். மூடிய கதவுகள் எல்லாவற்றுக்கும் கேட்கும்படி கத்தினாள்:

"நல்லா சத்தமா வைங்க டிவிய! நானும் இப்படித்தான் வச்சேன். அரசாங்கம் நமக்குக் குடுத்தத அவன் திருடினான். கேட்டவுகளுக்கு முன்னால 'இல்ல'ன்னு சொல்லி அந்தத் திருட்டுக்குப் பூட்டுப் போட்டுக் குடுத்தது நாமதான். நமக்கு உரிமையுள்ளத ஒருத்தன் புடுங்கும்போது, கேக்கப் போறவளத் தனியா விட்டுட்டோம்னா, நாளைக்கு நமக்குன்னு கேக்க ஒரு நாதி இருக்காது. எந் தம்பி செத்துத்தான் எனக்கு இது வெளங்கணுமா? திங்கக்கெழம நான் போறேன். பொய் சொன்னது நான்தான்னு சொல்லப் போறேன். வாரவுக வாங்க!"

ஒரு கதவும் திறக்கவில்லை. தெருக்கோடியில் நாச்சிமுத்து நின்று திரும்பிப் பார்த்தார். பிறகு இடுப்புச் சாவியைத் தடவிக்கொண்டே, இரும்புப் பெட்டி இருந்த பக்கம் நடந்தார்.