உபுமே நீட்டிய குழந்தை

கோபிகாவின் பெட்டியில் அவளுடைய சாமான் கால்வாசிகூட இல்லை. ஒருவருடைய அப்பாவுக்கு மூட்டுவலி மாத்திரை, இன்னொருவருடைய மாமாவுக்கு ரத்த அழுத்தம் பார்க்கும் கருவி, முகமே தெரியாத ஒரு சிறுமிக்கு நடந்தால் மினுங்கும் ஷூ. கனடாவின் மொன்றியலிலிருந்து ஒருத்தி ஊருக்குப் போகிறாள் என்று காதில் விழுந்தால் போதும், யார் யாரோ போன் செய்து "சின்ன பார்சல்தான்" என்பார்கள். கோபிகா எல்லோருக்கும் சரி என்றாள்.

தெருமுனைக் கடைக்கார யோகேந்திரன் அவள் நீட்டிய ஒட்டும் டேப்பை வாங்கிப் பார்த்துவிட்டுச் சிரித்தார். யாழ்ப்பாணத்துக்காரர். எப்போதும் குல்லாய் போட்டிருப்பார்.

"இது மூண்டாவது டேப். ஊருக்குப் போறீரோ, கப்பல் ஏத்துறீரோ?"

"எல்லாரும் குடுக்கிறாங்க அண்ணா."

"ஏலாது எண்டு சொல்லிப் பழகும், பிள்ளை. ஒருக்கா ஓம் எண்டால் பேந்து தங்கட பிள்ளையளையும் தந்துவிடுவினம்."

அவர் வேடிக்கையாகத்தான் சொன்னார். கோபிகா மீதிச் சில்லறையை வாங்கிக்கொண்டு வெளியே வந்தாள். ஜனவரிப் பனி முழங்கால்வரை குவிந்து கிடந்தது. ஒன்பது மாதக் குழந்தை ஒன்றைக் கொண்டுபோகப் போவதை அவள் அவரிடம் சொல்லவில்லை.

அதற்குச் சரி சொன்னதும் அவள் இல்லை. திருச்சியில் அவள் அம்மா சொன்னாள். அதே தெருவில் இருக்கும் ஹரிபிரசாத்தின் அம்மா வந்து கேட்டிருக்கிறார். அன்று இரவே அம்மா போனில் கூப்பிட்டாள். "நீ எப்படியும் சும்மாதானே வர்றே? மடியில ஒரு குழந்தை. பாவம்டி அவங்க."

பாவம்தான். குழந்தையின் அப்பா ஹரிபிரசாத்தும் அம்மா பாரிஜாதமும் மொன்றியலின் ஓரத்தில் ரொக்ஸ்பரோவில் இருந்தார்கள். இருவரும் கம்ப்யூட்டர் வேலை. பாரிஜாதத்தின் பணி அனுமதி அவள் கம்பெனியோடு கட்டியது, ஹரிபிரசாத்தின் அனுமதி பாரிஜாதத்தோடு கட்டியது. ஜனவரி ஏழாம் தேதி அவள் வேலைக்குத் திரும்பாவிட்டால் இரண்டும் போய்விடும். குழந்தைக் காப்பகங்கள் ஐந்தில் பெயர் கொடுத்திருந்தார்கள். வரிசை இரண்டு வருடம் நீண்டது. வீட்டில் வைத்துப் பார்த்துக்கொள்ளும் ஒரு பெண்மணி கிடைத்தாள். போய்ப் பார்த்தால் ஒரே அறையில் ஒன்பது குழந்தைகள். மாமியாருக்கு விசிட்டர் விசாவை இரண்டு முறை மறுத்துவிட்டார்கள். எனவே குழந்தை ரக்ஷனா பாட்டி வீட்டுக்குப் போகிறாள். இரண்டு வருடத்துக்கு. யாரையும் குற்றம் சொல்ல வழியில்லாதபடி எல்லாம் பொருந்தி வந்தது.

நகரின் நோத்ர-டாம்-த-கிரேஸ் பகுதியில் கோபிகா குடியிருந்த வீட்டில் இன்னொரு அறை அயாகோவுடையது. ஜப்பானின் நீகத்தாவிலிருந்து வந்தவள், மண்ணியல் ஆராய்ச்சி. விடுமுறையில் படம் வரைவாள். பிப்ரவரியில் ஜப்பானியச் சங்கத்துக் கூடத்தில் வைக்க அவளிடம் பன்னிரண்டு படம் கேட்டிருந்தார்கள். பன்னிரண்டும் ஜப்பானியக் கதைகளில் வரும் பெண் ஆவிகள். சமையலறைச் சுவர் முழுக்க அவர்கள்தான். மூச்சால் ஆளை உறையவைக்கும் பனிப்பெண். தூங்கும்போது கழுத்து மட்டும் நீண்டு அடுத்த அறைக்குப் போய்வரும் ரொகுரொகுபி. கோபிகாவுக்குப் பிடித்தது இரட்டை வாய்ப் பெண். முன்வாயால் அவள் எதுவும் கேட்கமாட்டாள், சாப்பிடவும் மாட்டாள். பின்மண்டையில், கூந்தலுக்கு அடியில் இன்னொரு வாய். வேண்டியதையும் வேண்டாததையும் அது கத்திச் சொல்லும்.

"வாயுள்ள பிள்ளை பிழைக்கும்னு எங்க ஊரில் சொல்லுவாங்க," என்றாள் கோபிகா.

"எத்தனை வாய் என்று சொல்லவில்லையா?" என்றாள் அயாகோ.

கடைசிப் படத்துக்கு மாடல் தேவைப்பட்டது. அயாகோ அரிசிப் பையைத் துண்டில் சுற்றி கோபிகாவின் கையில் கொடுத்து, குளிர்சாதனப் பெட்டியின் முன்னால் நிற்கவைத்தாள்.

"நான் யாரு? பேயா?"

"இல்லை. நீ வழிப்போக்கன். பேய் உபுமே. பிரசவத்தில் செத்துப்போனவள். மழையில் பாலத்தருகே நிற்பாள். உடை நனைந்து ஒட்டியிருக்கும். போகிறவரிடம், இந்தக் குழந்தையைக் கொஞ்சம் பிடித்துக்கொள்கிறாயா என்று நீட்டுவாள். வாங்கியதும் காணாமல் போய்விடுவாள். குழந்தை கனக்க ஆரம்பிக்கும். கல் மாதிரி, பிறகு பாறை மாதிரி. முழங்கையை இறக்காதே, கோடு மாறுகிறது."

கோபிகா முழங்கையை உயர்த்தினாள். பத்து நிமிடத்தில் தோள் கடுத்தது. அரிசியின் எடை மாறவில்லை, தசைதான் களைக்கிறது என்று அவளுக்குத் தெரியும். தெரிந்தும் கை இலேசாகவில்லை.

"கீழே வெச்சிட முடியாதா?"

"முடியாது. கை ஒட்டிக்கொள்ளும் என்றெல்லாம் இல்லை. வைக்க மனம் வராது, அவ்வளவுதான்."

"வாங்கவே மாட்டேன்னு சொன்னா?"

அயாகோ தூரிகையை நிறுத்தி யோசித்தாள். "நான் கேட்ட கதைகளில் எல்லோரும் வாங்கிவிடுகிறார்கள். ஒருவேளை வாங்காதவர்களுக்குக் கதை இல்லையோ என்னவோ." பிறகு, "கடைசிவரை விடாமல் பிடித்திருந்தால் மலையைத் தூக்கும் பலம் கிடைக்குமாம்," என்றாள்.

விமானத்துக்கு இரண்டு நாள் முன்னால் கோபிகா ரயிலில் ரொக்ஸ்பரோ போனாள். பால் கலக்க, டயப்பர் மாற்ற, மருந்து கொடுக்கப் பழகவேண்டும் என்று ஹரிபிரசாத் அழைத்திருந்தான். ஒவ்வொரு மணிக்கும் என்ன செய்யவேண்டும் என்று அட்டவணை தட்டி அச்செடுத்து வைத்திருந்தான். லண்டன் நேரம் ஒரு பத்தி, சென்னை நேரம் ஒரு பத்தி.

"பயப்படாதே கோபிகா. ஆபீஸ்ல ரிலீஸுக்குக்கூட நான் இவ்வளவு பிளான் போட்டதில்லை," என்று சிரித்தான். சிரித்து முடித்ததும் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தான். பிறகு டயப்பர் வாங்கக் கிளம்பினான்.

கதவு சாத்தியதும் பாரிஜாதம் அடுப்பை அணைத்தாள். குழந்தை அவள் இடுப்பில் இருந்தது. அவள் ரவிக்கைக்குள்ளிருந்து வெளிர்ப்பச்சையாக ஏதோ எட்டிப் பார்த்தது. கோபிகா பார்ப்பதைப் பார்த்து அவளே சொன்னாள்.

"முட்டைக்கோஸ் இலை. பால் நிக்கறதுக்கு. ஊர்ல இருந்தா மல்லிகைப்பூ வெச்சுக் கட்டுவாங்க. இங்க இந்தக் குளிர்ல மல்லிகைக்கு எங்க போறது? நர்ஸ்தான் இதைச் சொன்னா. ஒரு வாரமாச்சு. நிக்கமாட்டேங்குது."

"வலிக்குதா அக்கா?" என்றாள் கோபிகா.

"கோபி, ஒண்ணு கேக்கட்டுமா? நீ முடியாதுன்னு சொல்லிடேன்."

குழந்தை கோபிகாவின் காதுத் தோட்டைப் பார்த்துக் கை நீட்டியது.

"நான் சொன்னா அடம்னு சொல்லுவாங்க. நல்லா யோசிச்சு எடுத்த முடிவைக் கெடுக்கிறேன்னு ஆயிடும். நீ சொன்னா அது உன் கஷ்டம், அவ்வளவுதான். பயமா இருக்கு, அவ்வளவு தூரம் குழந்தையை வெச்சுக்கிட்டு வரமுடியாதுன்னு ஒரு வார்த்தை. யாரும் உன்னைத் தப்பா நினைக்கமாட்டாங்க. வேற ஆள் கிடைக்க மார்ச் ஆயிடும். அதுக்குள்ள எந்தக் காப்பகத்திலயாவது கூப்பிடலாம். கம்பெனியில கெஞ்சிப் பாப்பேன். ஏதோ ஒண்ணு."

"சரிக்கா."

"அவர்கிட்ட சொல்லணும். என்கிட்ட இல்லை."

"சொல்றேன்கா."

அப்போது பாரிஜாதம் சிரித்த சிரிப்பு கோபிகாவுக்குப் பயம் தந்தது. தன் முழுப் பாரத்தையும் இறக்கிவைத்தவளின் சிரிப்பு அது. ஹரிபிரசாத் தோளில் பனியோடு உள்ளே வந்தான்.

"என்ன ரெண்டு பேரும் ரகசியம்?"

கோபிகா வாயைத் திறந்தாள். "ஒண்ணுமில்லைண்ணா," என்றாள்.

ரயிலில் திரும்பும்போது சொல்லவேண்டிய வாக்கியத்தைத் தயார் செய்தாள். வீட்டுக்கு வந்து அவனுக்கு மின்னஞ்சல் எழுதினாள். ஆறு வரி. படித்துப் பார்த்து நான்காக்கினாள். பிறகு அழித்தாள். மறுநாள் காலை போன் செய்தாள். முதல் மணியிலேயே அவன் எடுத்தான்.

"கோபிகா, உனக்கு நூறு ஆயுசு. அம்மா இப்பதான் பேசினாங்க. தினம் உன் பேர்ல அர்ச்சனையாம். நீ என்ன சொல்லவந்தே?"

"ஒண்ணுமில்லைண்ணா. எத்தனை மணிக்கு ஏர்போர்ட் வரணும்னு..."

அவள் தன் அம்மாவிடம் சொல்லிப் பார்த்தாள். எனக்குப் பயமாக இருக்கிறது என்று அவ்வளவு மட்டும். அம்மா பதறவில்லை. "முதல்ல அப்படித்தான் இருக்கும். அங்க தொட்டில்கூடக் கட்டிட்டாங்கடி. நேத்து என்னைக் கூட்டிட்டுப்போய்க் காட்டினாங்க. அவங்க பழைய பட்டுப்புடவையில கட்டியிருக்காங்க," என்றாள்.

அன்று சாயங்காலம் அயாகோ படத்துக்கு வண்ணம் தீட்டிக்கொண்டிருந்தாள். கோபிகா அவளிடம் எல்லாவற்றையும் சொன்னாள். அயாகோவிடம் ஆங்கிலத்தில் பேசுவது அவளுக்கு எப்போதும் சுலபம். அயாகோ யாருடைய மருமகளும் இல்லை, யாருடைய தெருக்காரியும் இல்லை.

"முடியாது என்று சொல்லிவிடு," என்றாள் அயாகோ.

"தெரியுது."

"நான் வேண்டுமானால் போன் செய்து சொல்லட்டுமா?"

ஒரு நிமிடம் கோபிகாவுக்கு அது நடக்கக்கூடியதாகவே தோன்றியது. பிறகு, ஜப்பானியப் பெண் ஒருத்தி போன் செய்து உங்கள் குழந்தையைக் கொண்டுபோக முடியாது என்று சொல்வதை ஹரிபிரசாத் கேட்பதையும், அது திருச்சி போய்ச் சேர்வதையும், தன் அம்மா அந்தத் தெருவில் நடந்துபோவதையும் யோசித்தாள்.

"வேண்டாம். நானே சொல்றேன். ஏர்போர்ட்ல சொல்றேன்."

விமான நிலையத்தில் எல்லாம் வரிசையாக நடந்தது. பெட்டிகளை எடை போட்டார்கள். நோட்டரி முத்திரையிட்ட சம்மதக் கடிதத்தை விமானக் கம்பெனிப் பெண் படித்துத் திருப்பிக் கொடுத்தாள். ஹரிபிரசாத் அதைக் கோபிகாவின் முதுகுப்பையில், டயப்பர்களுக்கு அடியில் பத்திரமாக வைத்தான். எந்த ஜிப் எதற்கு என்று இன்னொரு முறை காட்டினான். கோபிகா தலையாட்டினாள். கவுன்ட்டரில் சொல்லிவிடலாம் என்று நினைத்திருந்தாள். கவுன்ட்டர் முடிந்துவிட்டது. பாதுகாப்புச் சோதனை வாசலுக்குப் போகும் வழியில் சொல்லலாம் என்று நினைத்தாள். நாற்பது அடிதான் இருக்கும்.

பாரிஜாதம் கோட்டை மூடியபடி, குழந்தையைக் கோட்டுக்குள் அணைத்து நடந்தாள். அவள் பார்வை மட்டும் கோபிகாவின் வாயின்மேலேயே இருந்தது.

வாசல் வந்தது. அதற்குமேல் பயணிகள் மட்டும்.

"சரி," என்றான் ஹரிபிரசாத். "குடும்மா."

பாரிஜாதம் கோட்டைத் திறந்தாள். குழந்தை தூங்கியிருந்தது. அவள் அதன் நெற்றியிலோ கன்னத்திலோ முத்தமிடவில்லை. கையை நீட்டினாள். கோபிகாவைப் பார்த்துக்கொண்டே நீட்டினாள். இப்போது, இப்போது என்று அந்தக் கண்கள் கேட்டன.

கோபிகாவின் கை தானாக முன்னால் போயிற்று. நீட்டிய குழந்தையை வாங்காமல் நிற்க அந்தக் கைகளுக்குத் தெரியவில்லை.

குழந்தையின் சூடு தோளில் படிந்தது. பாரிஜாதத்தின் கைகள் விலகியும் அதே வளைவில் நின்றன. திறந்த கோட்டுக்குள், சாம்பல் நிற குர்த்தாவின் முன்பக்கம் முழுக்க நனைந்து ஒட்டியிருந்தது.

"ஏதாவது கேக்கணுமா, கோபிகா?" என்றான் ஹரிபிரசாத். "சொல்லு. இப்பவே கேட்டுடு."

இதைவிட நல்ல இடம் இனிக் கிடைக்காது. கோபிகா வாயைத் திறந்தாள். பாரிஜாதம் மூச்சை நிறுத்தியதுபோல் இருந்தது. பின்மண்டையில், கூந்தலுக்கு அடியில், ஒரு வாய் இருந்திருக்கலாம்.

"பால்பொடி," என்றாள் கோபிகா. "எத்தனை கரண்டிண்ணா?"

"நாலு. அட்டவணையில இருக்கு."

பாரிஜாதம் தலையைக் குனிந்து கோட்டின் பொத்தான்களைப் போட ஆரம்பித்தாள். கீழிருந்து மேலாக, ஒவ்வொன்றாக. அவள் கோபித்திருந்தால், அழுதிருந்தால்கூடப் பரவாயில்லை. கடைசிப் பொத்தானைப் போட்டதும், "ராத்திரியில காதைத் தடவினா தூங்கிடுவா," என்றாள். "இடது காது."

கோபிகா வரிசைக்குள் போனாள். கயிறு கட்டிய பாதை நான்கு முறை மடங்கியது. முதல் மடிப்பில் திரும்பிப் பார்த்தபோது இருவரும் நின்றார்கள். இரண்டாவது மடிப்பில் ஹரிபிரசாத் மட்டும் கை அசைத்தான். மூன்றாவதில் ஒரு பெரிய குடும்பம் மறைத்துவிட்டது. எட்டு கிலோ இருநூறு கிராம் என்று அட்டவணையின் தலைப்பில் எழுதியிருந்தது. வலது தோள் இறங்கத் தொடங்கியது. இடது தோளுக்கு மாற்றினாள். இப்போதும் போய்க் கொடுத்துவிடலாம். கயிற்றுக்கு அடியில் குனிந்தால் இருபது அடி. அந்த எண்ணத்தோடே அவள் முன்னால் நகர்ந்தாள். பின்னால் நின்றவரின் பை அவள் காலில் இடித்துக்கொண்டிருந்தது.

வரிசையின் முடிவில் சீருடை போட்ட ஒரு பெண் நின்றாள். மார்பில் செலீன் என்று பெயர். நடுத்தர வயது, அன்பான முகம். "பொன்ழூர்," என்று வணக்கம் சொன்னாள். குழந்தையின் கம்பளிக் குல்லாயைப் பார்த்துச் சிரித்தாள். "உங்கள் மகளா?"

கோபிகா இல்லை என்று தலையசைத்தாள்.

செலீனின் சிரிப்பு அப்படியே இருந்தது, ஆனால் கை நீண்டது. "அப்படியானால் கடிதம்?"

கடிதம் முதுகில் இருந்தது. டயப்பர்களுக்கு அடியில், இரண்டாவது ஜிப்புக்குள். கோபிகா ஒரு கையால் பட்டையை இழுத்துப் பார்த்தாள். பை அக்குளில் சிக்கியது. குழந்தை சிணுங்கியது. சுற்றிலும் பார்த்தாள். மேசைகள் எல்லாம் உருளைகள், அவற்றின்மேல் நகரும் தட்டுகள்.

அவள் குழந்தையை முன்னால் நீட்டினாள்.

"கொஞ்சம் பிடித்துக்கொள்கிறீர்களா?"

செலீன் இரண்டு உள்ளங்கைகளையும் காட்டி ஓரடி பின்னால் போனாள்.

"அது முடியாது, மதாம்," என்றாள். கோபமில்லாமல், வருத்தமில்லாமல், மணி கேட்டால் சொல்வதுபோல. "எங்களுக்கு அனுமதி இல்லை."

கோபிகா ஒரு கணம் அவளையே பார்த்துக்கொண்டு நின்றாள். பிறகு ஈரத் தரையில் மண்டியிட்டாள். குழந்தையை ஒரு தொடையில் சாய்த்துக்கொண்டு, பையை முன்னால் இழுத்துப் போட்டு, இடது கையால் ஜிப்பைத் தேடினாள்.