வரப்பில் நட்ட வேப்பங்கொத்து

பருத்திக்கு மருந்தடித்தால் வரப்பில் ஒரு வேப்பங்கொத்தை நட்டுவிடுவார்கள். அதைப் பார்த்த பெண்கள் கீரை பறிக்கவோ புல்லறுக்கவோ உள்ளே இறங்கமாட்டார்கள். வாயால் யாரும் சொல்வதில்லை. பாடாலூர்ப் பக்கத்தில் நடக்கப் பழகிய பிள்ளைக்குக்கூட அது தெரியும்.

கொளஞ்சிக்குத் தெரியாது. அவள் வரதராஜன்பேட்டைப் பக்கம், முந்திரிக்காட்டில் பிறந்தவள். இந்த வீட்டுக்கு இளைய மருமகளாக ஆவணியில்தான் வந்தாள்.

“மேலக்கொல்லைப் பருத்திக்குள்ள பண்ணைக்கீரை மண்டிக் கெடக்கு, பறிச்சிட்டு வா” என்றாள் மூத்த மருமகள் செங்கமலம். “கீரைன்னு புல்லப் பறிச்சிட்டு வந்துராத. ஒங்க ஊர்ல முந்திரியத் தவிர என்னா மொளைக்குது?”

“கொண்டாந்து கொட்டுறேன், அப்புறம் பேசுங்கக்கா.”

செங்கமலத்தின் புருஷன் ராசாங்கம் காலையில் மேலக்கொல்லைக்கு மருந்தடித்துக் கொத்தும் நட்டுவிட்டு, இரவல் வாங்கிய ஸ்பிரேயரைத் திருப்பிக் கொடுக்க, வீட்டில் சொல்லாமல் அப்படியே பாடாலூர் போயிருந்தான்.

கொளஞ்சி போனபோது கொத்து வாடவில்லை. ஆட்டுக்கு ஆகுமென்று பிடுங்கி இடுப்பில் செருகிக்கொண்டாள். கொல்லைக்குள் மூக்கை எரிக்கும் நாற்றம். பருத்திக்கே இப்படியொரு வாடை போலிருக்கிறது என்று நினைத்தாள். ஒரு பூவுக்குள் தேனீ கவிழ்ந்து கிடந்தது. மடி நிறையப் பறித்தாள்.

செங்கமலம் கீரையை ஆய்ந்து, தண்டுகளை ஆட்டுக்குப் போட்டாள். அலசி உலையில் போட்டதும் மூக்கைச் சுளித்தாள்.

“ஏண்டி, சீமெண்ணெய் தொட்ட கையாலயா பறிச்ச?”

“போங்கக்கா, ஒங்களுக்கு எதுலயாச்சும் ஒரு நொட்டை.”

கடைந்து இறக்குவதற்குள் செங்கமலத்தின் மூன்று வயது மகள் அபிநயா பசியென்று காலைக் கட்டிக்கொண்டாள். கொளஞ்சிதான் கீரையைச் சோற்றில் பிசைந்து ஊட்டினாள். “இன்னும், சித்தி” என்று பிள்ளை வாயைத் திறந்தது.

ஆட்டுக்குத் தண்ணீர் வைக்கப் போன செங்கமலம் கொட்டகையில் கிடந்த வேப்பங்கொத்தைப் பார்த்தாள். அடியைக் கூராகச் சீவியிருந்தது. மண் ஒட்டியிருந்தது.

“கொளஞ்சி, இது ஏது?”

“மேலக்கொல்லை வரப்புல யாரோ நட்டு வச்சிருந்தாங்கக்கா. ஆட்டுக்கு ஆவட்டுமேன்னு...”

ஆட்டின் வாயில் நுரை தள்ளியிருந்தது. முன்னங்கால் மடங்கிச் சரிந்தது.

செங்கமலம் ஓடிவந்து பிள்ளையைப் பிடுங்கி முழங்காலில் கவிழ்த்தாள். வாய்க்குள் விரலை விட்டாள். பிள்ளை நறுக்கென்று கடித்தது. பச்சையாகக் கொஞ்சம் வந்தது. கொஞ்சம்தான்.

“ரோட்டுக்கு ஓடுடி! எந்த வண்டி வந்தாலும் குறுக்க நில்லு!”

கொளஞ்சி ஓடினாள். செங்கமலம் மறுபடி விரலை விட்டாள். இந்தத் தடவை பிள்ளை கடிக்கவில்லை.