உப்புச் சப்பு

என் மச்சான் ஷிப்லிக்கு இங்கிலிஷில் ஒரே ஒரு பெரிய சொல்தான் தெரியும். மற்றதெல்லாம் பஸ் கொண்டக்டருக்கும் தெரிந்த இங்கிலிஷ். அந்த ஒரு சொல்லை வைத்துக்கொண்டுதான் அவர் கல்முனையில் டியூஷன் கிளாஸ் நடத்தினார், கூட்டங்களில் முன்வரிசை நாற்காலி பிடித்தார், தன் மனைவியை, என் மூத்த சகோதரி ஹப்ஸா ராத்தாவை, இத்தனை வருடமாக மட்டம் தட்டினார். அந்தச் சொல், இன்சிப்பிட்.

கொழும்பில் ஏதோ ஒரு கோர்ஸ் முடித்து வந்த வருடம் அதைக் கொண்டுவந்தார். மற்றவர்கள் கொழும்பிலிருந்து டொபி கொண்டுவருவார்கள். இவர் கொண்டுவந்த சாமான் முடியவே இல்லை. ஜும்ஆவில் குத்பா சொன்ன மௌலவி இன்சிப்பிட். பெருநாளைக்கு ராத்தா எடுத்துக் கொடுத்த ஷேர்ட்டின் நிறம் இன்சிப்பிட். கல்முனைக் கடல்கூட இன்சிப்பிட், மாலைதீவுக் கடலைத்தான் பார்க்க வேண்டுமாம். மாலைதீவை அவர் பார்த்தது கலண்டரில். ஒருநாள் பக்கத்து வீட்டு ஜனாஸாவுக்குப் போய்வந்து, "துஆ கொஞ்சம் இன்சிப்பிட்டா இரிந்திச்சி" என்றார். மௌத்தாகிப் புதைக்கப்பட்டவர் கேட்டிருந்தால் எழும்பி வந்திருப்பார்.

நான் ஃபார்மசியில் வேலை செய்கிறவள். ஆட்கள் வராத ஒரு மத்தியானம் ஃபோனில் அகராதியைத் திறந்து அந்தச் சொல்லைத் தேடினேன். முதல் கருத்து சாப்பாட்டுக்கு: ருசி இல்லாதது. அடுத்த கருத்து மனிதருக்கும் பேச்சுக்கும் எழுத்துக்கும்: உயிர்ப்பு இல்லாதது, சலிப்பூட்டுவது. கீழே சின்ன எழுத்தில் லத்தீன் வேரைப் போட்டிருந்தார்கள். அந்த மொழியில் ருசி பார்ப்பதற்கும் அறிவோடு இருப்பதற்கும் ஒரே வேர்தானாம். வாசித்துவிட்டுத் தனியே இருந்து சிரித்தேன். மச்சான் அந்தச் சின்ன எழுத்துவரை போயிருக்க மாட்டார்.

அவர் அந்தச் சொல்லை அதிகமாகச் செலவழித்தது ராத்தாவின் சமையலுக்கு. சோற்றில் கை வைப்பார், ஒரு வாய் மெல்லுவார், முகத்தைச் சுளிப்பார். "இன்சிப்பிட்." அவ்வளவுதான், பிறகு முழுவதையும் தின்றுவிடுவார். ராத்தா ஒரு வார்த்தை திருப்பிச் சொன்னதில்லை. அதற்குக் காரணம் இருந்தது. அந்தச் சாப்பாடு உண்மையிலேயே ருசியில்லாதது. அதை அப்படி ஆக்கியவள் ராத்தா, அவருக்காகத்தான்.

சில வருடங்களுக்கு முன் மச்சான் கிளாஸில் போர்டுக்கு முன்னால் மயங்கி விழுந்தார். பிரஷர் எகிறியிருந்தது. தினமும் குளிசை விழுங்க வேண்டும், உப்பைக் கட்டாயம் குறைக்க வேண்டும், இன்னொரு தடவை விழுந்தால் ஒரு பக்கம் இழுத்துவிடும் என்று டொக்டர் சொன்னார். அன்று மச்சான் கட்டிலில் கிடந்து குழந்தையாக அழுதார். ராத்தாவின் கையை விடவே இல்லை. வீட்டுக்கு வந்து கொஞ்ச நாளில் பயம் தெளிந்துவிட்டது, டொக்டரும் இன்சிப்பிட் ஆகிவிட்டார். "உப்பில்லாமத் திங்கிறதுக்கு நான் என்ன நோயாளியா? கறிக்கு வழமபோலப் போடு" என்று ராத்தாவிடம் சத்தம் போட்டார்.

ராத்தா சரி என்றாள். பிறகு கொஞ்சம் கொஞ்சமாக உப்பைக் குறைத்தாள். தேசிக்காய்ப் புளி, மிளகு, இஞ்சி என்று எதையெதையோ போட்டுச் சமாளித்தாள். உப்புப் போத்தலை அரிசி வாளிக்குப் பின்னால் ஒளித்துவைத்தாள். தனக்கும் மகள் றுஸ்தாவுக்கும் வேறு சட்டியில் ஆக்கினால் அவருக்குத் தெரிந்துவிடும் என்று அவர்களும் அதையே தின்றார்கள். நான் அங்கே சாப்பிடப் போனால் என் வீட்டிலிருந்து ஒரு கிள்ளு உப்பைத் தாளில் மடித்துக்கொண்டு போவேன்.

"அவருக்கிட்டச் சொல்லிராத புள்ள," என்று என்னிடம் சத்தியம் வாங்கியிருந்தாள். "தெரிஞ்சா கடையில போய்த் திண்டுருவாரு."

மாதத்துக்கு ஒருதரம் மச்சான் ஃபார்மசிக்கு வந்து என் மெஷினில் கையை நீட்டுவார். பிரஷர் நல்ல அளவில் இருக்கும். "பாத்தீங்களா மச்சி, எல்லாம் மைண்ட் கன்ட்ரோல்" என்பார். குளிசையைப் பாதி நாள் போடாமல் மறக்கிற மனிதரின் மைண்ட். நான் பல்லைக் கடித்துக்கொண்டு பட்டியைக் கழற்றுவேன்.

இதையெல்லாம் நான் பொறுத்திருப்பேன். வீட்டில் கை வைத்ததைத்தான் பொறுக்க முடியவில்லை.

வாப்பா நாவிதன்வெளியில் இருந்த வயலில் பாதியை விற்று ராத்தாவுக்கு வீடு கட்டினார், மீதியை விற்று அதே வளவில் பக்கத்திலேயே எனக்குக் கட்டினார். எங்கள் பக்கத்தில் அதுதான் முறை. வீடு பெண்ணுக்கு. மாப்பிள்ளை ஒரு சூட்கேசைத் தூக்கிக்கொண்டு வந்து சேருவார். மச்சானும் அப்படித்தான் வந்தார், பழுப்பு நிறச் சூட்கேஸ், ஒரு பக்கப் பூட்டு வேலை செய்யாது. ராத்தாவுக்குப் பிறகு அந்த வீடு றுஸ்தாவுக்கு. வீடில்லாத பெண்ணுக்கு எங்கள் ஊரில் மாப்பிள்ளை எடுப்பது என்பது நடக்கிற காரியமில்லை.

இப்போது மச்சானுக்குக் கல்முனை போதாமல் போய்விட்டது. தெஹிவளையில் றினாஸ் என்று ஒருவரோடு கூட்டுச் சேர்ந்து அகடமி திறக்கப் போகிறாராம். அதற்கு வீட்டு உறுதிப் பத்திரத்தை அவர் பெயருக்கு மாற்றி பேங்கில் வைக்க வேண்டுமாம். வெள்ளிக்கிழமை ஜும்ஆவுக்குப் பிறகு உறுதி எழுதுகிற நொத்தாரிசும் றினாஸும் வருவார்கள், சாப்பாடு கொடுத்து, அதன் பிறகு ராத்தா கையெழுத்து வைக்க வேண்டும். இதை அவர் ராத்தாவிடம் கேட்கவில்லை, அறிவித்தார்.

"வைக்காத ராத்தா," என்று கெஞ்சினேன். "அந்தாள நம்பி ஒரு கோழிக்கூட்டக்கூட எழுதிக் குடுக்க ஏலா."

"றுஸ்தாக்கு வாப்பா வேணும்டி. கோவிச்சிப் போயிட்டாரெண்டா நாளைக்கு மாப்பிள கேட்டுப் போற இடத்தில முதல்ல வாப்பா எங்க எண்டுதான் கேப்பாங்க."

"வீடு எங்க எண்டும் கேப்பாங்க."

அவள் குனிந்து அரிசியைப் புடைக்கத் தொடங்கினாள். முகத்தைப் பார்த்தேன், கையெழுத்து வைத்துவிடுவாள் என்று தெரிந்தது.

வெள்ளிக்கிழமை சுபஹ் தொழுகையோடு ராத்தா அடுப்பில் நின்றாள். மச்சான் இரண்டு தடவை குசினிக்குள் வந்து சட்டியை எட்டிப் பார்த்துவிட்டுப் போனார். விருந்தாளிகளோடு ஒரே சஹன் தட்டில் அவரும் கை வைக்கப் போகிறார், அவருக்கு மட்டும் உப்பைக் குறைக்க முடியாது. வந்தவர்களுக்கு முன்னால் மானம் போகக்கூடாது என்று இத்தனை வருடத்துக்குப் பிறகு பிரியாணிக்கு அளவான உப்புப் போட்டாள். போட்டுவிட்டு என்னிடம், "ராவைக்கு அவருக்கு நல்லாக் குறைச்சிரணும்" என்றாள். வீட்டைப் பறிக்க வருகிறவனின் பிரஷரைப் பற்றி அன்றைக்கும் அவளுக்குக் கவலை. எனக்கு வந்த ஆத்திரத்தில் கையிலிருந்த அகப்பையை அடுப்பிலேயே போட்டுவிட்டேன்.

நொத்தாரிசு, றினாஸ், சாட்சிக்கு வந்த பெரியவர் ஸைனுலாப்தீன் என்று ஓய்வுபெற்ற கல்வி அதிகாரி ஒருவர், மச்சான், நான்கு பேரும் முன் ஹோலில் சஹனைச் சுற்றி உட்கார்ந்தார்கள். நானும் ராத்தாவும் றுஸ்தாவும் குசினித் திரைக்குப் பின்னால் நின்றோம். றுஸ்தா பத்தாம் வகுப்பில் படிக்கிறாள். அவள் இனிப்புக்கு வட்டிலாப்பத்தைக் கோப்பைகளில் போட்டுக்கொண்டிருந்தாள்.

"பிரியாணி சுப்பர் சேர்," றினாஸின் குரல். "வீட்ட ஆக்கினதா?"

மச்சான் சிரித்தார். "வீட்டயா? எங்கட வீட்டுச் சாப்பாட்டத் திண்டா நீங்க இப்பவே கொழும்புக்கு ஓடிருவீங்க. இது வெளியில சொல்லி எடுத்தது."

சட்டியின் சூடு இன்னும் ஆறவில்லை. ராத்தாவின் கையில் வெங்காய மணம் போகவில்லை. அவள் என்னைப் பார்க்காமல் நிலத்தைப் பார்த்தாள்.

"என்ட மனிசிட சமையலுக்கு இங்கிலிஷ்ல ஒரு சொல் இரிக்கி. இன்சிப்பிட்."

"அது என்ன சொல்லு சேர்?" என்று நொத்தாரிசு கேட்டார். கேட்டிருக்கக் கூடாது. மச்சானுக்குக் கிளாஸ் குரல் வந்துவிட்டது.

"நல்ல கேள்வி. முதலாவது கருத்து, சாப்பாட்டுக்கு. உப்புச் சப்பில்லாதது. ரெண்டாவது கருத்து, ஆளுக்கு. கதைக்க ஒண்டுமில்ல, பாக்க ஒண்டுமில்ல, இரிந்தாலும் ஒண்டுதான், இல்லாட்டியும் ஒண்டுதான். ரெண்டு கருத்துக்கும் ஒரே உதாரணம் காட்டலாம்." திரை இடுக்கால் பார்த்தேன். சோறு ஒட்டிய விரலைக் குசினிப் பக்கம் நீட்டிக்கொண்டிருந்தார்.

றினாஸும் நொத்தாரிசும் சிரித்தார்கள். ஸைனுலாப்தீன் மட்டும் குனிந்து சோற்றைப் பிசைந்தார்.

நான் ராத்தாவைப் பார்த்தேன். அவள் முகத்தில் எதுவும் இல்லை, பழகிப்போன முகம். இதையும் விழுங்கிவிட்டுக் கையெழுத்து வைக்கப் போய்விடுவாள் என்றுதான் நினைத்தேன்.

றுஸ்தா கரண்டியைக் கீழே வைத்தாள். "வாப்பா என்னையும் கிளாஸ்ல அப்பிடித்தான் சொல்லுவாரு" என்றாள். அழவில்லை, நேரம் சொல்வதைப் போலச் சாதாரணமாகச் சொன்னாள்.

ராத்தா நிமிர்ந்தாள். "என்ன சொல்லுவாரு?"

"என்ட எழுத்து இன்சிப்பிட்டாம். உம்மாட மகள்தானே எண்டு சொல்லுவாரு. புள்ளயள் எல்லாம் சிரிக்கும்."

"ஏன்கா எனக்குச் சொல்லல?"

"நீங்களும் ஒண்டும் சொல்றல்லதானே உம்மா."

ஹோலில் கை கழுவுகிற சத்தம் கேட்டது. நொத்தாரிசு பையைத் திறந்தார். "ஹப்ஸா, வா" என்று மச்சான் கூப்பிட்டார்.

ராத்தா கையைத் துடைத்தாள், முக்காட்டைச் சரிசெய்தாள், திரையை விலக்கிக்கொண்டு போய் ஹோலில் நின்றாள்.

"நான் கையெழுத்து வெக்க மாட்டன்."

மச்சான் வாயைப் பிளந்தார். "விளையாடாத. இவங்க கொழும்புல இரிந்து வந்திரிக்காங்க."

"வந்தவங்க சாப்பிட்டாங்கதானே? நான் சுபஹுக்கு எழும்பி ஆக்கினதத்தான் சாப்பிட்டாங்க. வட்டிலாப்பமும் இரிக்கி, திண்டுட்டுப் போகட்டும்." பிறகு நொத்தாரிசைப் பார்த்து, "வீடு என்ட மகளுக்கு. நீங்க மினக்கெட்டு வந்ததுக்கு மாப்புக் கேக்கிறன்" என்றாள்.

யாரும் வட்டிலாப்பம் தின்னவில்லை. ஸைனுலாப்தீன் மட்டும் போகும்போது திரைப்பக்கம் திரும்பி, "சாப்பாடு நல்ல ருசி புள்ள" என்று சொல்லிவிட்டுப் போனார்.

வாகனம் தெரு முனை திரும்பியதும் மச்சான் ஆட்டத்தைத் தொடங்கினார். இந்த வீட்டில் இனிக் கால் வைக்க மாட்டாராம். பழுப்புச் சூட்கேசை இழுத்து நாலு ஷேர்ட்டைத் திணித்தார். பூட்டு அன்றைக்கும் வேலை செய்யவில்லை. சூட்கேசோடு வாசல்வரை போய் நின்று திரும்பிப் பார்த்தார். வழக்கமாக ராத்தா ஓடிவந்து மறிக்கிற இடம் அது. அவள் சஹனைக் கழுவிக்கொண்டிருந்தாள்.

பாவம், அவருக்குப் போவதற்கும் இடமில்லை. அவருடைய உம்மாவின் வீடு தங்கச்சிக்குப் போய்விட்டது, அங்கே தங்கச்சியின் புருஷன் கால் நீட்டிப் படுத்திருக்கிறார். பெண்களின் வீடுகளில் குடியிருந்துகொண்டே பெண்களை இளக்காரமாகப் பேசுகிற ஆண்களுக்கு இந்த ஒரு கணக்கு மட்டும் ஏனோ கடைசிவரை விளங்குவதில்லை. சூட்கேசை வாசல் படியில் வைத்துவிட்டு அஸர் தொழப் பள்ளிவாசலுக்குப் போனார். மஃரிபும் தொழுதுவிட்டு, ஒன்றும் நடக்காதவர் மாதிரி வந்து மேசையில் உட்கார்ந்தார்.

நானும் அங்கேதான் இருந்தேன். ராத்தா சோறும் மீன் ஆணமும் கொண்டுவந்து வைத்தாள். மச்சான் ஒரு வாய் வைத்தார், மென்றார், முகம் சுளிந்தது. அந்தச் சொல் உதட்டுக்கு வந்துவிட்டது.

அவர் வாயைத் திறக்கும் முன் ராத்தா குசினிக்குள் போய், அரிசி வாளிக்குப் பின்னாலிருந்த உப்புப் போத்தலை எடுத்துவந்து அவர் சோற்றுப் பீங்கானுக்குப் பக்கத்தில் வைத்தாள்.

"இது என்ன?"

"உப்பு. நீங்க மயங்கி விழுந்த நாள் தொட்டு ஒளிச்சி வெச்சிரிந்தன். டொக்டர் சொன்னத நீங்க கேக்கல்ல, நான் கேட்டன். நானும் புள்ளயும் உங்களோட சேந்து உப்பில்லாமத் திண்டம். இனி உங்கட உப்ப நீங்க பாத்துக்குங்க."

மச்சான் என்னைப் பார்த்தார். "மச்சி, இவ சொல்றது உண்மையா?"

"ஓம் மச்சான். என்ட மெஷின்ல நல்லா வந்தது உங்கட மைண்ட் இல்ல. ராத்தாட கை."

றுஸ்தா எட்டிப் போத்தலை எடுத்தாள், தன் சோற்றில் தாராளமாகத் தூவினாள், பிசைந்து ஒரு வாய் தின்றாள். பிறகு போத்தலை வாப்பாவின் பக்கம் தள்ளிவைத்தாள்.

மச்சான் மூடியைத் திறந்தார். விரல் போத்தலுக்குள் போனது, அங்கேயே நின்றது. டொக்டர் சொன்னதெல்லாம் அவருக்கு நன்றாக ஞாபகம் இருந்தது. விரலை வெறுமனே வெளியே எடுத்து மூடியை இறுக்கினார். எங்கள் மூன்று பேருக்கும் முன்னால், ஒரு சொல்லும் சொல்லாமல், அந்தச் சோற்றைக் கடைசிப் பருக்கைவரை உப்பில்லாமலே தின்று முடித்தார்.