பலகை தட்டாத சண்டை

படத்தில் வெட்டுப்பட்டுச் சாவதுதான் என் பிழைப்பு. கியோத்தோவில் எந்தக் கதாநாயகன் வாளை உருவினாலும் முதலில் விழுகிற பிணம் இந்த ரிகிச்சிதான். அதனால் எவனுக்கு வெட்ட வரும், எவனுக்கு வராது என்று எனக்கு நன்றாகத் தெரியும். தோமிசோவுக்கு வராது.

அவன் கபுகி என்கிற எங்கள் பழைய கூத்து மேடையிலிருந்து வந்தவன். பெரிய நடிகர் குடும்பத்தில் பிறக்காததால் அங்கே அவனுக்குக் கடைசிவரை பல்லக்குத் தூக்கும் வேஷம்தான். சினிமாவில் கதாநாயகன் என்றதும் ஓடிவந்துவிட்டான். சினிமாவுக்குப் போனவனை மேடை திரும்பச் சேர்க்காது. இந்தப் படமும் கைவிட்டால் அவனுக்குப் போக்கிடம் கிடையாது.

கோயில் வளாகத்தில் சண்டை எடுத்துக்கொண்டிருந்தோம். மேடையில் நாயகன் நடுச்சண்டையில் கண்ணை உருட்டிச் சிலையாக நிற்பான். ஓரத்தில் ஒருவர் கட்டையால் பலகையைத் தட்டுவார். எதிரிகளும் அப்படியே நிற்பார்கள். இங்கே தட்ட ஆளில்லை, ஆனாலும் தோமிசோ நிற்பான். நாங்கள் வாளை ஓங்கியபடி அசடு வழிவோம்.

"ஏம்ப்பா, கொல பண்ண வந்தியா, கூத்தாட வந்தியா?" என்று கத்திய டைரக்டர் குசாகா, என்னைத் தனியே இழுத்தார். "இன்னொரு தடவ அவன் நின்னான்னா நீ நிக்காத. போட்டுரு. அப்பவும் தேறலைன்னா நாளைக்கு வேற ஆளு."

காலையிலிருந்து அவனுக்காகச் செத்துச் செத்து எனக்கும் எரிச்சல்தான்.

அவன் நின்றான். நான் நிற்கவில்லை. வெள்ளித்தாள் ஒட்டிய மூங்கில் வாள்தான், ஆனால் முழு வீச்சு. இடது புருவம் பிளந்தது.

ரத்தம் கண்ணில் இறங்கியதும் அவன் உறுமிக்கொண்டு பாய்ந்தான். வாள் என் தோளில் முறிந்தது. முறிந்த மூங்கிலால் பக்கத்திலிருந்தவனின் தாடையைக் கிழித்தான். இன்னொருவனின் தலையைப் பிடித்துக் கல்விளக்கில் மோதினான். என்னைக் கீழே தள்ளிக் கழுத்தில் முழங்காலை வைத்து அழுத்தினான். இன்றைக்கு நிஜமாகவே சாகப்போகிறோம் என்று நினைத்தேன்.

நாலைந்து பேர் சேர்ந்து இழுத்துப் பிரித்தார்கள். குசாகா குதித்தார். "இதான்யா! இதுக்குத்தான் உசுர விட்டேன்! ஓபா, எடுத்தியா?"

கேமராக்காரர் ஓபாவின் முகம் வெளுத்திருந்தது. படம் ஓடக் கையால் சுற்றவேண்டிய கேமராவின் கைப்பிடியை விட்டிருந்தார்.

"நெசமாவே கொன்னுருவான்னு பயந்துட்டேங்க. சுத்துறத நிறுத்திட்டேன்."

குசாகா தலையில் கைவைத்துக்கொண்டு உட்கார்ந்துவிட்டார். தோமிசோ அவரையே பார்த்தான். பிறகு ரத்தத்தைத் துடைத்து, பிளந்த புருவத்தின்மேல் வேஷத்துக்குப் பூசும் வெள்ளைப்பூச்சை அப்பிக்கொண்டான். வேறொரு வாளோடு என்னிடம் வந்து இடுப்பு வளையக் கும்பிட்டான்.

"அண்ணே, கழுத்து ரொம்ப வலிக்குதா?"

"வாய மூடுடா. போய்த் தையல் போட்டுக்க."

"அப்புறம் போட்டுக்கிறேண்ணே. இப்ப அதே எடத்துல இன்னொரு தடவ அடிங்க. மெதுவா அடிச்சிராதீங்க."

ஓபா கைப்பிடியைச் சுற்றத் தொடங்கினார். எனக்கு அழுகை முட்டியது. ஓங்கி அடித்தேன்.