பிற்பகல் சீனியர்

ஆவுடையப்பன் அண்ணாச்சி எங்கள் அலுவலகத்தில் வேலைக்குச் சேர வந்தது ஒரு வெள்ளிக்கிழமை. காலையிலேயே வந்துவிட்டார். வந்தவர் பேசாமல் உள்ளே போய்க் கையெழுத்துப் போட்டிருக்கலாம். ராகுகாலம் கழியட்டும் என்று எதிர்த்த டீக்கடையில் உட்கார்ந்துகொண்டார். அவருக்குப் பிறகு பஸ்ஸைவிட்டு இறங்கிய ஆசீர்வாதத்துக்கு ராகுவும் தெரியாது, கேதுவும் தெரியாது. நேரே போனார், சேர்ந்தார். பன்னிரண்டு அடித்த பிறகு, நெற்றி நிறைய திருநீறோடு அண்ணாச்சி போய் நல்ல நேரத்தில் கையெழுத்துப் போட்டார். பணிப்பதிவேட்டில் ஆசீர்வாதம் முற்பகல், அண்ணாச்சி பிற்பகல். அடுத்த வாரம் சேர்ந்தவள் நான்.

பல வருஷம் கழித்துக் கண்காணிப்பாளர் பதவி காலியானது. சீனியாரிட்டி பட்டியலில் ஆசீர்வாதம் முதல் ஆள், அண்ணாச்சி இரண்டாவது, நான் மூன்றாவது. அண்ணாச்சிக்குச் சோறு இறங்கவில்லை.

"ஏ ஜெயக்கொடி, அவன் எனக்கு ரெண்டு வயசு எளையவன். நாளைக்கு அவன்ட்ட போயி நான் லீவு லெட்டர நீட்டணுமாக்கும்? அதுக்குத் தாமிரபரணில போய் விழலாம்."

"அதுக்கும் லீவு சொல்லிட்டுத்தான அண்ணாச்சி போகணும்?" என்றேன்.

அவர் ஆற்றுக்குப் போகவில்லை, மதுரைக்குப் போனார். தீர்ப்பு வரும்வரை அந்தப் பதவியில் யாரையும் நியமிக்கக் கூடாது என்று உயர்நீதிமன்றத்தில் தடை வாங்கிக்கொண்டு வந்தார். அன்றைக்கு அவர் நடந்த நடையைப் பார்க்கவேண்டுமே! பதவியே கிடைத்துவிட்ட மாதிரி இருந்தது.

அதன்பின் நாற்காலி காலியாகக் கிடந்தது. அரசு வக்கீல் பதில் மனு போட அவகாசம் கேட்டார். கேட்டுக்கொண்டே இருந்தார். நீதிபதிகள் மாறினார்கள், வக்கீலுக்குப் பேரன் பிறந்தான். மின்விசிறி மட்டும் அந்த நாற்காலிக்கு மேலே ஒழுங்காகச் சுற்றியது. அண்ணாச்சி உதவியாளராகவே ஓய்வு பெற்றார். பிறகு ஆசீர்வாதம் அதே மாதிரி. கடைசியில் நானும். எனக்கு இந்த வழக்கில் ஒட்டும் இல்லை, உறவும் இல்லை.

எல்லாரும் வீட்டுக்குப் போன பிறகு தீர்ப்பு வந்தது. ஒரே தேதியில் சேர்ந்தால் வயதில் மூத்தவரே சீனியர், முற்பகல் பிற்பகல் எல்லாம் சம்பளக் கணக்குக்குத்தான் என்று கோர்ட்டு சொல்லிவிட்டது. அண்ணாச்சிக்கு முன்தேதியிட்டுப் பதவி உயர்வு. ஆனால் ஏட்டளவில்தான், நிலுவைப் பணம் கிடையாது. அதனால் என்ன? தெரு முழுக்க அல்வா கொடுத்தார்.

மூன்று மாதத்தில் அலுவலகத்திலிருந்து ஓர் உத்தரவு வந்தது. பதவி உயர்வே இல்லாமல் ஒரே இடத்தில் இருபது வருஷம் கிடந்தவர்களுக்கு அரசாங்கம் இரக்கப்பட்டுக் கொடுக்கும் சம்பள உயர்வு ஒன்று உண்டு. அதை எங்கள் மூவருக்கும் கொடுத்திருந்தார்கள். இப்போது ஏட்டில் அண்ணாச்சி எப்போதோ உயர்ந்துவிட்டார். ஆகவே இரக்கப்பட்டது தப்பு. அவருக்குக் கொடுத்ததையெல்லாம் பென்ஷனில் மாதாமாதம் பிடிப்பார்களாம். தோற்ற ஆசீர்வாதத்திடம் ஒரு பைசா பிடிக்கவில்லை.

அண்ணாச்சியின் மனைவி அழுததைப் பொறுக்காமல், ஆசீர்வாதமும் நானும் அவரை வக்கீலிடம் கூட்டிக்கொண்டு போனோம்.

"வழி இருக்கு. ஆசீர்வாதம் சார் அப்பீல் போடணும். நீங்க அவருக்கு ஜூனியர்னு ஒத்துக்கிட்டு ஒரு மனு போடணும். பதவி உயர்வு போயிரும், பணம் தப்பிச்சிரும்," என்றார் வக்கீல்.

"நான் இப்பமே போடுதேன்," என்றார் ஆசீர்வாதம். "எனக்கு இதுல என்னவே வரப்போகுது? நீரு ஒரு கையெழுத்துப் போடும், போதும். வேணும்னா ராகுகாலம் பாத்துட்டே போடும்."

அண்ணாச்சி சிரிக்கவில்லை. வக்கீல் தட்டச்சு செய்து வைத்த மனுவை வாங்கினார். 'ஓய்வு பெற்ற உதவியாளர் ஆவுடையப்பன் ஆகிய நான்' என்று தொடங்கியது. பேனாவைத் திறந்து 'உதவியாளர்' என்பதை அடித்தார். மேலே, முத்து முத்தாக, 'கண்காணிப்பாளர்' என்று எழுதினார்.

"அண்ணாச்சி, இப்படி எழுதினா கேஸே நிக்காது," என்றார் வக்கீல்.

"நிக்காண்டாம். பிடிக்கட்டும்."

"வீட்டுல அக்கா என்ன செய்வாக?" என்று கேட்டேன்.

"சூப்பிரண்டு பொண்டாட்டியா இருப்பா," என்றார்.

ஆசீர்வாதத்துக்குச் சிரிப்பை அடக்க முடியவில்லை. மேசையைத் தட்டித் தட்டிச் சிரித்தார். பார்த்துக்கொண்டிருந்த அண்ணாச்சியும் கொஞ்ச நேரத்தில் சேர்ந்துகொண்டார். இரண்டு கிழங்களும் கண்ணில் நீர் வரச் சிரித்தார்கள்.

எனக்கு வயிறு எரிந்தது. இருவரும் எனக்கு முன்பே ஓய்வு பெற்றவர்கள். அவர்களில் யாராவது ஒருத்தர் அந்த நாற்காலியில் உட்கார்ந்து எழுந்திருந்தால், அடுத்தது நான்தான்.