தியேட்டர் அக்காவின் டியூபோபிளாஸ்டி

"என் வண்டியில வர்றவங்கள்ல ஒருத்தராவது தானா நடந்து வந்து ஏறியிருக்காங்களா? சொல்லு, ஒருத்தராவது?"

"உங்க வண்டியில ஏறாம, பஸ்ல வந்து ஆபரேஷன் பண்ணிக்கிட்டு பஸ்லயே வீட்டுக்குப் போறவங்களை நீங்க பாத்ததில்ல. அதுக்கு நான் என்ன பண்ணட்டும்?"

மேல்வீட்டில் ஒரு நாற்காலி நகர்த்தப்பட்டது. கீழ்வீட்டில் நாங்கள் அடுப்பைக் குறைத்தோம். குக்கர் சத்தத்தில் பாதி வார்த்தை காதில் விழாமல் போனால் யாருக்கு நஷ்டம்?

அந்தக் காலத்தில் ஆஸ்பத்திரி ஊழியர் குவார்ட்டர்ஸ் சுவர்களுக்குத் தடிமன் கிடையாது, எங்களுக்கு வெட்கமும் கிடையாது. சலவைக்கூடத்துக்குப் பின்னால் இருந்த மூன்று மாடிக் கட்டடம் அது. எந்த வீட்டில் தும்மினாலும் எதிர்வீட்டிலிருந்து மருந்து சொல்வார்கள். எல்லாரும் ஆஸ்பத்திரியில் ஏதாவது ஒரு வேலை பார்த்தோம். ஆகவே எல்லாருமே முக்கால் டாக்டர்கள்.

சண்டை போட்டுக்கொண்டிருந்தவர்கள் ஆம்புலன்ஸ்காரரும் தியேட்டர் அக்காவும். அக்கா ஆபரேஷன் தியேட்டரில் கருவி எடுத்துக் கொடுக்கும் நர்ஸ். தெருமுனைக் கடைக்காரர் நெடுநாள் வரைக்கும் அவளிடம் புதுப் படத்துக்கு டிக்கெட் கேட்டுக்கொண்டிருந்தார். அவளுடைய முதல் புருஷன் இறந்தபோது இரட்டைப் பெண் குழந்தைகள் தவழ்ந்துகொண்டிருந்தன. நாங்கள் அவற்றைப் பெரியது, சின்னது என்று கூப்பிடுவோம். இரண்டுக்கும் நடுவே எத்தனை நிமிஷ வித்தியாசம் என்பதைப் பெரியது மட்டும் மறக்கவே இல்லை.

ஆம்புலன்ஸ்காரர் நாற்பது வயது வரைக்கும் கல்யாணம் செய்துகொள்ளாமல் இருந்தவர். தியேட்டர் வாசலில் ஒரு சிவப்புக் கோடு உண்டு. வெளிச்செருப்பு அதைத் தாண்டக் கூடாது. அவர் ஸ்ட்ரெச்சரைத் தள்ளிக்கொண்டு கோடு வரைக்கும் வருவார், அக்கா உள்ளேயிருந்து கோடு வரைக்கும் வருவாள். இப்படியே ஒன்றரை வருஷம். கடைசியில் அவர் கோட்டைத் தாண்டாமலே கேட்டுவிட்டார், அவளும் தாண்டாமலே சரி என்றாள். அந்த நேரத்தில் ஸ்ட்ரெச்சரில் கிடந்தவர் குடல்வால் வலியில் துடித்துக்கொண்டிருந்தார் என்று சொல்வார்கள். எனக்கு அதில் கொஞ்சம் சந்தேகம்தான்.

கல்யாணமாகி மூன்று வருஷம் கழித்துத்தான் இந்தச் சண்டை. காரணம் டியூபோபிளாஸ்டி.

இந்தச் சொல்லை எங்களுக்குச் சொல்லிக் கொடுத்தது லேப் டெக்னீஷியன். டியூப் என்றால் குழாய், பிளாஸ்டி என்றால் கெட்டுப்போனதைச் சரிப்படுத்தி மறுபடி உருவாக்குவது. அடைத்துக்கொண்ட கருக்குழாயைத் திறந்துவிட்டாலும் அதே பெயர். குடும்பக் கட்டுப்பாட்டுக்காக வெட்டிக் கட்டிய குழாயை மறுபடி ஒட்டினாலும் பெரும்பாலும் அதே பெயர்தான். காது டாக்டர்கூடத் தன் பங்குக்கு இந்தச் சொல்லை வைத்திருந்தார். காதுக்கும் மூக்குக்குப் பின்புறத்துக்கும் நடுவே ஒரு குழாய் ஓடுகிறதாம், அதைச் சீர்செய்தாலும் அதுதானாம். இவ்வளவு தாராளமான சொல் கையில் கிடைத்தால் எங்கள் குவார்ட்டர்ஸ் சும்மா விடுமா? அந்த வருஷம் முழுக்கத் தோட்டத்து ரப்பர் குழாய்க்கு டியூபோபிளாஸ்டி, மோட்டார் பைப்புக்கு டியூபோபிளாஸ்டி. பேச்சை நிறுத்தியிருந்த அண்ணன் தம்பி மறுபடி பேசினால்கூட, "ஒருவழியா டியூபோபிளாஸ்டி ஆயிடுச்சு" என்போம்.

தியேட்டர் அக்காவுக்கு இரட்டைக் குழந்தை பிறந்த கையோடு குழாயைக் கட்டியிருந்தார்கள். இப்போது அதை ஒட்டிக்கொள்ள வேண்டும் என்கிறாள். ஆம்புலன்ஸ்காரர் வேண்டாம் என்கிறார். நாங்கள் உடனே கட்சி பிரிந்தோம். புருஷனுக்குச் சொந்தமாக ஒரு பிள்ளை வேண்டாமா, அவர் நாகரிகத்துக்கு மறுக்கிறார் என்று ஒரு கட்சி. அவருக்குப் பிள்ளையே பிடிக்காது என்று இன்னொரு கட்சி. நான் இரண்டிலும் இருந்தேன், அப்போதுதான் இரண்டு பக்கத்துச் செய்தியும் வரும்.

இரண்டு கட்சியுமே தப்பு என்று பிறகுதான் தெரிந்தது. அவர் மறுத்ததற்குக் காரணம் வேறு. ஒருமுறை இதே மாதிரி குழாயை ஒட்டிக்கொண்ட ஒரு பெண்ணை அவர் வண்டியில் ஏற்றி வந்திருக்கிறார். கரு கர்ப்பப்பைக்குப் போகாமல் ஒட்டிய குழாயிலேயே தங்கி, குழாய் வெடித்து, உள்ளுக்குள்ளே ரத்தம் போய்க்கொண்டிருந்தது. அந்தப் பெண் பிழைத்தாளா என்று அவருக்குத் தெரியாது. ஆம்புலன்ஸ்காரர்களுக்கு முடிவு தெரியாது, சிவப்புக் கோட்டோடு அவர்கள் கதை முடிந்துவிடும். அக்காவுக்கோ தொடக்கமும் தெரியாது, பின்னால் நடப்பதும் தெரியாது. பச்சைத் துணிக்கு நடுவில் தெரியும் ஒரு சாண் வயிறுதான் அவளுக்கு ஆஸ்பத்திரி. ஒரே இடத்தில் சம்பளம் வாங்கிய இரண்டு பேரும் வேறு வேறு ஆஸ்பத்திரியில் வேலை பார்த்தார்கள் என்றுதான் சொல்ல வேண்டும்.

இதற்கு நடுவே பெரிய டாக்டரம்மா ஒரு குண்டைத் தூக்கிப் போட்டார். அந்த ஊர்ப் பக்கத்தில் குழாய் ஒட்டுவதில் அவரை மிஞ்ச ஆள் கிடையாது. ஆனால் தியேட்டருக்குள் அவர் வாய் திறந்து எதையும் கேட்க மாட்டார். கண்ணை மைக்ராஸ்கோப்பிலிருந்து எடுக்காமல் உள்ளங்கையை மட்டும் நீட்டுவார். எது வேண்டுமோ அது, எந்தப் பக்கம் திரும்பியிருக்க வேண்டுமோ அந்தப் பக்கமாக, கையில் வந்து உட்கார வேண்டும். பதினோரு வருஷமாக அப்படி வைத்தது தியேட்டர் அக்காவின் கை. குழாய்க்குத் தையல் போடும் நூல் தலைமுடியைவிட மெல்லியது, ஊசி கண்ணிமை மயிர் அளவு. மூச்சு விட்டால் காணாமல் போய்விடும்.

"நீ மேஜை மேல படுத்துட்டா எனக்கு யாரு ஊசி குடுப்பா?" என்று டாக்டரம்மா கேட்டாராம். பதில் இரண்டு பேருக்குமே தெரியும். அந்த ஆஸ்பத்திரியில் அதற்குத் தோதான கை இன்னொன்றுதான் இருந்தது. அது லேபர் ரூம் சிஸ்டருடையது. அக்காவின் எதிர்வீடு. இரண்டு பேருக்கும் நாலு வருஷமாகப் பேச்சுவார்த்தை கிடையாது.

சண்டை கொடிக்கயிற்றில் ஆரம்பித்தது. லேபர் ரூம் சிஸ்டரின் சிவப்பு மேஜைவிரிப்பு நனைந்த நிலையில் அக்காவின் வெள்ளை யூனிபார்ம் மேல் சாய்ந்தது. அக்கா ஒரு வாரம் இளஞ்சிவப்பு நர்ஸாகத் திரிந்தாள். அதற்குப் பிறகு மாடிப்படியில் எதிரும் புதிருமாக வந்தால் ஒருத்தி சுவரைப் பார்ப்பாள், மற்றவள் கைப்பிடியைப் பார்ப்பாள். வார்டில் ஒரே நோயாளியின் இரண்டு பக்கமும் நின்றுகொண்டு, "அந்தம்மாவை ட்ரிப்பை நிறுத்தச் சொல்லுங்க" என்று நோயாளியிடமே சொல்லி அனுப்புவார்கள்.

ஒரு ஞாயிற்றுக்கிழமை காலை தியேட்டர் அக்கா எதிர்வீட்டுக் கதவைத் தட்டினாள். எங்கள் மாடிப்படியில் அன்றைக்குப் போல என்றைக்கும் கூட்டம் இருந்ததில்லை. ஒருத்தர் படி துடைத்தார், ஒருத்தர் தொலையாத சாவியைத் தேடினார். நான் காய்ந்துபோன செடிக்குத் தண்ணீர் ஊற்றிக்கொண்டிருந்தேன்.

லேபர் ரூம் சிஸ்டர் கதவைத் திறந்தாள், உள்ளே வா என்று சொல்லவில்லை. அக்கா விஷயத்தைச் சொல்லி முடித்ததும், பிரசவ வார்டில் தினமும் கத்திப் பழகிய அதே குரலில் கேட்டாள்.

"ரெண்டு இருக்கில்ல? இன்னொண்ணு எதுக்கு? அவருக்கா?"

"அவர் கேக்கவே இல்ல."

"பின்ன?"

படி துடைத்தவர் துடைப்பதை நிறுத்திவிட்டார்.

"ரெட்டைப் புள்ள பொறந்த அன்னைக்கு, மாமியார் ஊரு ஆஸ்பத்திரியில நான் மயக்கத்துல கெடந்தேன். மாமியாரும் புருஷனும் கையோட கட்டிடுங்கன்னு சொன்னாங்க, கட்டிட்டாங்க. ரெண்டு நாள் கழிச்சு டிரெஸ்ஸிங் மாத்துறப்ப அங்க இருந்த நர்ஸ் பேச்சுவாக்குல சொன்னா. மூடினது நான் இல்ல. புள்ள பொறந்தா பொறக்கட்டும், இல்லன்னா போகட்டும். தொறக்கிறதாவது நான் சொல்லித் தொறக்கணும்."

லேபர் ரூம் சிஸ்டரின் பார்வை அக்காவின் தோளுக்கு மேலே போயிற்று. இரண்டு படி கீழே ஆம்புலன்ஸ்காரர் கையில் வாளியோடு நின்றுகொண்டிருந்தார். எப்போது வந்தார் என்று எங்களில் ஒருவருக்கும் தெரியாது. கண்கொத்திப் பாம்பாகக் காவல் இருந்தும் கோட்டைவிட்டோம். அவர் எல்லாரையும் தாண்டி வீட்டுக்குள் போனார். வாளித் தண்ணீர் படி முழுக்கச் சிந்தியது. துடைத்தவர் மறுபடி முதலிலிருந்து ஆரம்பிக்க வேண்டியிருந்தது.

"நாளைக்கு டூட்டி முடிஞ்சதும் வா," என்றாள் லேபர் ரூம் சிஸ்டர். "அந்த டாக்டரம்மா கையை எப்படி நீட்டும்னு காட்டு."

அதற்குப் பிறகு மேல்வீட்டில் சண்டைச் சத்தம் கேட்கவில்லை. எங்களுக்கு அதில் வருத்தம்தான். ஆனால் அதைவிடப் பெரிய வேடிக்கை கிடைத்தது. சாயங்கால வெளிச்சம் இருக்கும்போதே அக்காவும் லேபர் ரூம் சிஸ்டரும் பொது வராந்தாவில் மேஜை போட்டு உட்காருவார்கள். தேதி முடிந்த நூல் பாக்கெட்டுகள், பழைய கையுறையிலிருந்து வெட்டிய விரல்கள், ஒரு பூதக்கண்ணாடி. தியேட்டர் அக்கா டாக்டரம்மாவாக மாறி, முகத்தைக் கடுகடுவென்று வைத்துக்கொண்டு கையை நீட்டுவாள். லேபர் ரூம் சிஸ்டர் இடுக்கியில் ஊசியைப் பூட்டி வைப்பாள்.

"இது என்ன, கரண்டியா குடுக்கிறே? வளைவு இடது பக்கம் பாக்கணும்."

"வாயைத் தொறந்து சொன்னா என்னவாம் உங்க டாக்டரம்மாவுக்கு? முத்து உதிர்ந்துடுமா?"

"நான்தான் டாக்டரம்மா. வாயை மூடிட்டு ஊசியைக் குடு."

தன் வயிற்றைத் தைக்கப்போகிற ஊசியை எப்படிப் பிடிக்க வேண்டும் என்று தானே சொல்லிக் கொடுத்த பெண்பிள்ளையை நான் அதற்கு முன்னும் பார்த்ததில்லை, பின்னும் பார்த்ததில்லை. ஊசி கீழே விழுந்தால் எல்லாரும் தவழ்ந்து தேடுவோம். இரட்டையரில் சின்னதுக்குத்தான் கண் கூர்மை. கண்டுபிடித்துக் கொடுத்துவிட்டு, பையன் பிறந்தால் தங்கள் அறையில் இடம் கிடையாது என்றும் அப்போதே தெரிவித்துவிட்டது. பெரியதுக்கு அதில் ஆட்சேபணை இருந்தது. இரண்டுக்கும் அங்கேயே கைகலப்பு.

ஆபரேஷன் அன்று ஆம்புலன்ஸ்காரர் லீவு போட்டிருந்தார். ஆனாலும் விடிந்ததும் போய் வண்டியைக் கழுவினார். ஆக்ஸிஜன் சிலிண்டரைத் திருகிப் பார்த்தார், ஸ்ட்ரெச்சருக்குப் புது விரிப்பு போட்டார். வண்டியை ரிவர்ஸில் கொண்டுவந்து, தியேட்டர் கட்டடத்தின் வாசலில், முகப்பு கேட்டைப் பார்க்கிற மாதிரி நிறுத்தினார். அவரே ஸ்டியரிங் முன்னால் ஏறி உட்கார்ந்துகொண்டார்.

வாட்ச்மேன் சுற்றிச் சுற்றி வந்து பார்த்துவிட்டுக் கேட்டார். "ஆபரேஷன் உள்ளதானே நடக்குது? ஏதாவது ஆச்சுன்னா வெளியேர்ந்து இங்கதான் கொண்டு வருவாங்க. நீங்க இங்கேர்ந்து எங்க கூட்டிட்டுப் போவீங்க?"

ஆம்புலன்ஸ்காரர் யோசித்தார். யோசித்து, "தெரியல," என்றார். இறங்கவில்லை.

நாங்களோ வழக்கப்படி ரத்த வங்கி வாசலில் வரிசையில் நின்றோம். குவார்ட்டர்ஸில் யாருக்குக் கத்தி வைத்தாலும் கேட்காமலே ரத்தம் கொடுக்கப் போய்விடுவது எங்கள் வழக்கம். இந்த ஆபரேஷனுக்கு ரத்தமே தேவைப்படாது என்று லேப் டெக்னீஷியன் தலைப்பாடாக அடித்துக்கொண்டார். வந்தது வந்தாயிற்று என்று கையை நீட்டினோம். பிஸ்கட்டைக் குடித்தோம், டீயைத் தின்றோம் என்கிற அளவுக்கு அங்கே உபசாரம் குழம்பிப் போயிற்று.

உள்ளே நடந்ததை லேபர் ரூம் சிஸ்டர் பிறகு ஒருமுறைதான் சொன்னாள். டாக்டரம்மா முதல்தரம் கை நீட்டியபோது ஊசி சரியாகப் போய் உட்கார்ந்ததாம். அவர் மைக்ராஸ்கோப்பிலிருந்து கண்ணை எடுத்து ஒரு கணம் அவளை நிமிர்ந்து பார்த்தாராம். பிறகு கடைசி வரைக்கும் பார்க்கவில்லை. வலது குழாய் கொஞ்சமாகத்தான் மிச்சம் இருந்தது, இடது தேவலை. இரண்டையும் ஒட்டி முடித்ததும் கீழேயிருந்து நீல மருந்தைச் செலுத்தினார்கள். குழாய் திறந்திருந்தால் அது மறுமுனையில் வெளியே வர வேண்டும். வலதில் வரவில்லை. இடதுபக்கம் முதலில் ஒன்றுமில்லை, அப்புறம் முனையில் ஒரு சொட்டு, பிறகு கடகடவென்று நீலம். "நல்லா வந்துச்சு," என்றாள், அதைச் சொல்லும்போது மூக்கை உறிஞ்சினாள். வெங்காயம் நறுக்குவதாகச் சொன்னாள். கையில் கத்தியே கிடையாது.

வண்டியிலிருந்த அக்காவின் புருஷனைக் கூப்பிட்டனுப்பி, சிவப்புக் கோட்டுக்கு வந்து தகவல் சொன்னதும் அவள்தான். அவர் அப்போதும் கோட்டுக்கு வெளியேதான் நின்றாராம். மயக்கம் தெளிந்ததும் அக்கா முதலில் கேட்டது, எந்தப் பக்கம் திறந்தது என்று. இடது என்றதும், "என்கிட்ட சொல்லிட்டீங்கல்ல, அது போதும்," என்று சொல்லிவிட்டு மறுபடி தூங்கிப்போனாள்.

பிள்ளை பிறக்கவில்லை. இரண்டு வருஷம் நாங்கள் அவள் நடையையும் முகத்தையும் அளந்துகொண்டே இருந்தோம். பத்து நாள் தள்ளிப்போன ஒரு மாதத்தில் ஆம்புலன்ஸ்காரர் வெளுத்துப்போய் அவளைத் தினமும் ஸ்கேன் அறைக்கு அழைத்துப் போனார். அதுவும் ஒன்றுமில்லை என்றாகிவிட்டது. அன்றைக்கு மட்டும் அக்கா வராந்தாவில் உட்கார்ந்து அழுதாள். அவர் பக்கத்தில் உட்கார்ந்திருந்தார். லேபர் ரூம் சிஸ்டர் எங்களைப் பார்த்து, "உங்களுக்கெல்லாம் வீட்டில வேலையே இல்லையா?" என்று கேட்டு விரட்டிவிட்டாள்.

பிறகு பெரிய டாக்டரம்மா ஓய்வு பெற்று மகனோடு வெளிநாடு போனார். லேபர் ரூம் சிஸ்டர் ஐம்பது வயதில், யாரிடமும் ஒரு வார்த்தை சொல்லாமல், அந்த வாட்ச்மேனைக் கல்யாணம் செய்துகொண்டாள். எங்கள் மூக்குக்கு அடியிலேயே நடந்திருக்கிறது, ஒருவருக்கும் தெரியவில்லை. அந்த அவமானம் எனக்கு இன்னும் ஆறவில்லை. பெரியது கப்பலில் வேலை பார்க்கும் ஒருவனைக் கட்டிக்கொண்டு துறைமுகம் துறைமுகமாக மாறிக்கொண்டிருக்கிறது. சின்னது கல்யாணம் வேண்டாம் என்று சொல்லிவிட்டு, கண் ஆஸ்பத்திரி ஒன்றில் சேர்ந்து வேறு நகரத்துக்குப் போயிற்று. தியேட்டர் அக்காவும் ஆம்புலன்ஸ்காரரும் பணி முடிந்ததும் சின்னதோடு இருக்கப் போய்விட்டார்கள். சாமான் ஏற்றிய லாரிக்கு முன்னால் அவர்தான் உட்கார்ந்து, வழி முழுக்க டிரைவருக்கு ஓட்டச் சொல்லிக் கொடுத்துக்கொண்டே போனாராம்.